அத்தையின் காதில் விழுந்தது

காது மெஷின் பொருத்துவதுதான் அவள் வேலை. அடுத்த மாதம் மாமியாராகப் போகிறவளுக்கும் அவளே அளவெடுத்து, வீட்டுக்கே வந்து இரண்டு காதிலும் மாட்டிவிட்டாள். "வாங்க காது டாக்டரம்மா!" என்று அத்தைக்கு வாயெல்லாம் பல்.

மெஷினின் சத்தத்தைக் கூட்டிக் குறைக்க ஃபோன் வேண்டும். அத்தைக்கு ஃபோன் என்றாலே ஆகாது. ஆகவே மகனுடைய ஃபோனோடு அதை இணைத்தாள். இனி அந்த ஃபோனில் எது ஓடினாலும் நேரே அத்தையின் காதுக்குள்தான் போகும். கடையில் தினமும் பத்துப் பேருக்கு ஒப்பிக்கிற விஷயம். நம்ம வீட்டு ஆள்தானே என்று அவனிடம் மட்டும் சொல்லாமல் விட்டுவிட்டாள், பாவி.

அவன் ஃபோனை எடுத்துக்கொண்டு பக்கத்து அறைக்குப் போனான். உள்ளே அவனுடைய கூட்டாளிகள் மூன்று பேர். கதவு சாத்திக்கொண்டது.

சற்று நேரத்தில் அத்தை முகம் சுளித்தாள். "என்னம்மா இது, காதுக்குள்ள யாரோ ஒரு பொண்ணு பேசுறா?"

"புது மெஷின்தானே அத்தை, கொஞ்சம் இரையும். கொடுங்க பாக்கறேன்."

ஒரு மெஷினைக் கழற்றி, சோதித்துப் பார்க்கும் குழாயில் செருகித் தன் காதில் வைத்தாள்.

அவளுடைய குரல்.

"வேணாம்... சரி, யாருக்கும் காட்ட மாட்டேன்னு சத்தியம் பண்ணு."

"சீ, நான் என்ன அப்படிப்பட்டவனா? நாளைக்கே அழிச்சுடறேன்."

போன வருடம் அவன் ஃபோனில் எடுத்த வீடியோ அது. அழித்துவிட்டேன் என்று அவள் தலையிலடித்துச் சத்தியம் செய்திருந்தான். அதை நம்பித்தான் கல்யாணத்துக்கே தலையாட்டினாள்.

"சத்தமே வரலையேடா!" என்றது அறைக்குள் ஒரு குரல். "கூட்டுடா, கூட்டு!"

அவன் கூட்டினான். குழாய்க்குள் அவளுடைய மூச்சு இரைந்தது. மறு காதில் மெஷினோடு உட்கார்ந்திருந்த அத்தையின் முகம் வெளிறிப்போயிற்று. அறைக்குள் ஒருவன் விசிலடித்தான். இவளுக்கு உடம்பெல்லாம் கூசியது. அப்படியே செத்துப்போகலாம் போலிருந்தது.

"அத்தை, உங்களுக்கும் கேட்டுச்சு இல்ல? அவர் சத்தியம் பண்ணினது, எல்லாம்?"

அத்தையின் கண் சாத்திய கதவின் மேலேயே இருந்தது.

"நான் சொன்னா பொய்னு சாதிப்பார். நீங்க பெத்தவங்க. கூப்பிட்டு ஒரே ஒரு வார்த்தை கேளுங்க அத்தை, உங்க கால்ல விழறேன்."

அத்தை மறு காதிலிருந்த மெஷினைக் கழற்றினாள். இவள் கையிலிருந்ததையும் குழாயிலிருந்து பிடுங்கினாள். இரண்டையும் டப்பாவில் போட்டு மூடி இவள் மடியில் வைத்தாள்.

"நீ என்ன சொல்றேன்னே புரியலம்மா," என்றாள். "எனக்குத்தான் காது கேக்காதே."