அண்ணன் படம் போட்ட போஸ்டர்

தாத்தா நிலத்தில் பாகம் கேட்டு அம்மா தன் அண்ணன் மேல் போட்ட வழக்கு நடக்கும்போதே மாமா நல்லகாமன் இறந்துபோனார். அவருடைய வாரிசுகளை மூன்று மாதத்துக்குள் வழக்கில் சேர்த்திருக்க வேண்டும். அம்மா வக்கீலிடம் மூச்சுவிடவில்லை.

"வருசம் திரும்பி தலத்தெவசம் கழியாம கூடப்பொறந்தவன் மேல கேசு பேசுனா நாக்கு அழுகிரும்டி" என்றாள்.

அதற்குள் கெடு தாண்டி வழக்கும் செத்தது. தாமதத்தை மன்னிக்கச் சொன்ன மனுவைக் கீழ்க்கோர்ட்டு தள்ளிவிட, சீராய்வு கேட்டு உயர் நீதிமன்றத்துக்கு வந்தோம்.

அண்ணன் இறந்ததே தெரியாது என்று அந்த மனுவில் இருந்தது. எல்லாருக்கும் எழுதுகிற வரியையே எங்களுக்கும் எழுதி, வாசித்துக்கூடக் காட்டாமல் கையெழுத்து வாங்கியிருந்தார் எங்கள் வக்கீல். நாசமாய்ப் போக.

இன்று மாமா மகன் ஜெயபாண்டியின் வக்கீல் ஒரு போஸ்டரை விரித்தார். பரவை மார்க்கெட் சுவரில் ஒட்டிய கண்ணீர் அஞ்சலி. மாமா படத்துக்குக் கீழே, 'ஆறாத் துயரில் தங்கை ஜெயக்கொடி'.

"இதை யாரும்மா அச்சடிச்சது?" என்று நீதிபதி கேட்டார்.

எங்கள் வக்கீல் கண்ணைக் காட்டினார். அம்மா அவரைப் பார்க்கவே இல்லை.

"நாந்தாங்கய்யா. சிம்மக்கல்லு அச்சாபீசுல அடிச்சேன். அண்ணன் மொகம் சின்னதா இருக்குன்னு மறுபடியும் பெருசா அடிக்கச் சொன்னேன்."

சீராய்வு மனு தள்ளுபடியானது. இனி எங்களுக்கு ஒரு குழி நிலம் இல்லை. வெளியே வந்ததும் அம்மா என் கையைப் பிடித்தாள்.

"ஜெயபாண்டிகிட்ட அந்தப் போஸ்டரக் கேளுடி. அம்புட்டையும் ஒட்டச் சொல்லிட்டேன். எனக்குன்னு ஒண்ணுகூட எடுத்து வைக்கல."