எட்டு நாள் புரோட்டீன்

கடலாடி ராமசுப்பிரமணியன் வீட்டில் மீன் கெட்டுப்போனதே கிடையாது. காரணம் சின்னச்சாமியின் கால்கள். மாரியூர்க் கரையில் மீனை வாங்கிக் கூடையைத் தலையில் வைத்தானென்றால் பத்து மைலையும் ஓடியே கடந்து, மசாலா அரைத்து முடிக்குமுன் அடுப்படி வாசலில் இறக்கிவிடுவான். பதினோரு வருஷத்தில் அந்த மீனில் ஒரு துண்டும் அவனுக்குக் கிடைத்ததில்லை. கூடையைக் கழுவிக் கவிழ்க்கிற வேலை கிடைத்தது.

சுதந்திரம் வந்து பத்து வருஷம் ஆனதைக் கொண்டாட, ஆகஸ்டு பதினைந்தாம் தேதி கடலாடியிலிருந்து மாரியூர் வரை ஓட்டப்பந்தயம் என்று முடிவானது. முதலில் வருகிறவனுக்கு உப்புக் கம்பெனியில் காவல்காரன் வேலை, நிரந்தரம். சின்னச்சாமிக்கு முப்பத்தாறு வயது. காலையில் முழங்கால் மடங்க மறுத்தது. உட்கார்ந்து பார்க்கிற வேலை என்று ஒன்று உலகத்தில் இருக்கிறதே என்று ராத்திரியெல்லாம் அதையே நினைத்துக் கிடந்தான்.

பந்தயக் கமிட்டித் தலைவர் ராமசுப்பிரமணியன்தான். மதுரையில் வாங்கிய இங்கிலீஷ் ஆரோக்கியப் புத்தகத்தைப் பாதி படித்திருந்தார். பாதியிலேயே அவருக்கு எல்லாம் தெரிந்துவிட்டதால் மீதி தேவைப்படவில்லை.

சின்னச்சாமியை மிளகாய் மண்டித் தராசில் ஏற்றினார். தும்மி முடித்து அசையாமல் நின்றபோது தொண்ணூற்றெட்டு ராத்தல் காட்டியது.

“ஏலே, ஒரு ராத்தல் ஒடம்புக்கு ஒரு கிராம் புரோட்டீன் வேணும். நெடுந்தூரம் ஓடுனா தசை தேயும், தேஞ்சதை அடைக்கணும். தெனம் இங்கன வந்து பத்து முட்டை தின்னு.”

“வீட்டுக்குக் கொண்டுபோயித் திங்கட்டுமாய்யா?”

“அங்கன போனா ஒம் பொண்டாட்டி பிள்ளையள்ல திம்பாக. அவுகளா ஓடப்போறாக?”

அவன் மனைவி பூமயில் நாளொன்றுக்கு ஆறு மைல் தண்ணீர் சுமந்தாள். புத்தகக் கணக்கில் அது வராது போலிருக்கிறது.

ஐந்து நாள் முட்டை நடந்தது. ஆறாம் தேதி செவ்வாய்க்கிழமை முளைப்பாரித் திருவிழாவுக்குக் காப்புக் கட்டினார்கள். காப்பை அவிழ்க்கும்வரை ஊருக்குள் கவிச்சி கூடாது, முட்டை வாடை வந்தாலும் தண்டம் என்று தமுக்கடிக்கச் சொன்னவர் கோயில் தர்மகர்த்தா. அவரும் ராமசுப்பிரமணியன்தான். தர்மகர்த்தாவின் உத்தரவைக் கமிட்டித் தலைவரால் மீற முடியவில்லை. இருவரும் ஒரே நாற்காலியில் உட்கார்ந்து எட்டு நாள் வருந்தினார்கள்.

பதினாலாம் தேதி சாயங்காலம் முளைப்பாரியைக் கரைத்துக் காப்பை அவிழ்த்ததும் சின்னச்சாமிக்கு ஆள் வந்தது. அவித்த முட்டைகள் தாம்பாளத்தில் குவிந்திருந்தன.

“எட்டு நாளுல எம்பது முட்டை விட்டுப்போச்சு. ஒன்னால ஏலாதுன்னு முப்பதாக் கொறச்சிருக்கேன். இப்பப் பதினஞ்சு, விடியக்காலம் பதினஞ்சு.”

“வயித்துல எடமிருக்கணும்லய்யா?”

“அது வயிறு பாக்கவேண்டிய சோலி. நீ தின்னு.”

பந்தயத்துக்குப் பெயர் எழுதிய தாள் அவர் சட்டைப்பையில் இருந்தது. சின்னச்சாமி தின்றான்.

காலையில் பூமயில் அவன் வயிற்றைப் பார்த்தாள். “ஓடப்போறீகளா, அடைகாக்கப் போறீகளா?”

நாலு மைல் வரை அவன்தான் முன்னால். ஐந்தாம் மைலில் ஏப்பம் வந்தது. ஏழாம் மைலில் ஒரு பனைமரத்தைப் பிடித்துக்கொண்டு வாந்தியெடுத்தான். நிமிர்ந்தபோது மாரியூரில் கரைவலை இழுக்கும் தனுஷ்கோடி அவனைத் தாண்டிப் போய்க்கொண்டிருந்தான். முன்னால் தெரிந்த அந்த முதுகு கடைசிவரை கிட்டே வரவில்லை. சின்னச்சாமி இரண்டாவதாக வந்தான்.

மேடையில் தலைவர் தனுஷ்கோடியிடம் கேட்டார். “நேத்து என்னப்பா சாப்பிட்ட?”

“சோறும் மீனும்யா.”

“கேட்டீகளா? மீன். சுத்தமான புரோட்டீன். நான் சொன்னது நிரூபணமாயிருச்சு.” அரைமணி நேரம் பேசினார். வேடிக்கை பார்க்க வந்த மாட்டுவண்டிகள் ஒவ்வொன்றாகத் திரும்பின. இறங்கி வரும்போது சின்னச்சாமியிடம் நின்றார்.

“நான் ஒனக்கு எளக்கம் காட்டுனதுதான் தப்பு. எம்பதையும் குடுத்திருக்கணும். அடுத்த வருசம் தையிலயே ஆரம்பிச்சிருவோம்.”

“சரிய்யா.”

அவர் கார் போனது. ஒரு வண்டியில் தொற்றிக்கொண்டு வந்திருந்த பூமயில் மணலில் அவன் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

“ரெண்டாவதுக்கு என்ன குடுத்தாக?”

“கை குடுத்தாக.”

அவள் அந்தக் கையை ஒருமுறை பார்த்துவிட்டு முந்தானையை உதறி எழுந்தாள்.

“வண்டியெல்லாம் போயிருச்சு. நடக்க ஏலுமா?”

“நடந்துதான ஆகணும். காலையில அய்யா காட்டுக்கு எருவடிக்கணும்.”

“அப்ப மெதுவா வாங்க,” என்று அவள் முன்னால் நடந்தாள். அவனால் அவளை எட்டிப் பிடிக்க முடியவில்லை.