சிரிப்பு ஒட்டாமல் போன வாரம்

1.
இந்தக் கதை எனக்குச் சாப்பிடும்போது கிடைத்தது. தொலைக்காட்சியில் ஏதோ நகைச்சுவைத் தொடர். பெட்டிக்குள் யாரோ விழுந்து விழுந்து சிரித்தார்கள். வெளியே எங்கள் வீட்டில் எல்லோரும் கடனே என்று மென்றுகொண்டிருந்தோம். இந்தச் சிரிப்பை உள்ளே வைப்பவன் யார் என்று யோசித்தேன். ஆள் கிடைத்துவிட்டான்.

2.
மாநகரின் மேல் பொழுது மெல்லப் புலர்ந்து...

(வேண்டாம். இவன் வெயில் ஏறிய பிறகு எழுகிறவன்.)

அலுவலகத்தில் அவனுக்குச் சிரிப்புக்காரன் என்று பெயர். மாநகர வாழ்க்கையைக் கிண்டலடிக்கும் வாரத் தொடருக்கு, பதிவுசெய்த சிரிப்பை ஒட்டுவது வேலை. லிஃப்டில் ஒருவர் மாட்டிக்கொண்டால் வெடிச்சிரிப்பு; வீட்டு உரிமையாளர் வந்தால் அமுக்கின சிரிப்பு. தொடரை எழுதுகிறவள் அவன் மனைவி.

(சக ஊழியை போதுமா என்று தயங்கினேன். சக ஊழியையிடம் இவ்வளவு பேச்சு வாங்க முடியாது. மனைவிதான்.)

அவளுக்கு ஒரே குறை.

"நீங்க சிரிப்பு ஒட்டலன்னா நான் எழுதுறதுக்கு ஒருத்தராவது சிரிப்பாங்களா?"

"சிரிப்பாங்க."

"நீங்க சொல்லுவீங்க. உங்க பொழப்பே அதுதானே."

3.
அந்த வாரக் கதையில் ஒரு குடும்பத்தின் புது சோபா மாடிப்படி வளைவில் சிக்கிக்கொள்கிறது. ஏறவும் வழியில்லை, இறங்கவும் வழியில்லை. குடியிருப்பே அதில் உட்கார்ந்து சங்கக் கூட்டம் போடுகிறது.

ஒளிபரப்பை இருவரும் வீட்டில் உட்கார்ந்து பார்த்தார்கள். பெட்டியிலிருந்து சிரிப்பே வரவில்லை.

"என்னங்க, சத்தத்தையே காணோம்?"

"ஒட்டாமலே அனுப்பிட்டேன்."

"இத்தனை வருஷத்துல மறக்காதவரு இப்ப எப்படி மறந்தீங்க?"

"ஓடவிட்டுப் பாத்தேன். சிரிப்புச் சத்தம் கேட்டுக்கிட்டே இருந்துச்சு. சரி, ஒட்டியாச்சுன்னு நெனச்சுட்டேன்."

"யாரு சிரிச்சது?"

"இப்பத்தான் புரியுது. நான்தான்."

அவள் முகமெல்லாம் பல்லாகிவிட்டது. ஆனாலும் விடவில்லை.

"முழுச் சிரிப்பா, அமுக்கினதா?"

"கண்ணுல தண்ணியே வந்துடுச்சு."

"வீட்டுக்காரர் சிரிச்சா கணக்குல சேராது" என்று சொல்லிவிட்டு, பெட்டியின் ஒலியைக் குறைத்தாள். பக்கத்து வீட்டிலும் இதே தொடர்தான் ஓடுகிறது. இரண்டு பேரும் போய்ச் சுவரில் காதை வைத்தார்கள்.

4.
முடிவு ஒன்று: பக்கத்து வீடு, மேல்வீடு, கீழ்வீடு என்று கட்டடமே அதிர...

(இதை எழுதினால் நானும் சிரிப்பு ஒட்டுகிறவன் ஆகிவிடுவேன்.)

முடிவு இரண்டு: அந்தப் பக்கம் ஒரு சத்தமும் இல்லை. அவள் மெதுவாகக் காதை எடுத்து...

(மனசு வரவில்லை. அவ்வளவு ஆசையாக நிற்கிறாள்.)

ஆகவே நிலவரத்தை மட்டும் சொல்கிறேன். சுவருக்கு இந்தப் பக்கம் இருவரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார்கள். அந்தப் பக்கம் இருப்பது நீங்கள். படி வளைவில் இப்போது, சோபாவுக்குத் தனியாக வீட்டு எண் கொடுக்கலாமா என்று வாக்கெடுப்பு நடக்கிறது. சோபாவில் இடம் கிடைக்காதவர்கள் எதிர்த்துக் கை தூக்குகிறார்கள்.

சிரிப்பு வந்தால் வாயைப் பொத்திக்கொள்ளாதீர்கள். சுவர் மெல்லிசுதான்.