நிழல் விழுந்த இடம்

“எந்த ஊமைப் படத்த வேணா போடு, எனக்கு வசனம் கேக்கும். பின்னால நாய் குலைச்சா அது எந்தத் தெரு நாய்னும் சொல்லுவேன்” என்றார் லியாகத் அலி.

எர்ணாவூர் கன்டெய்னர் யார்டில் விசாரணை அறைக்கு வெளியே, துணைக்கு அவரை அழைத்துவந்து காத்திருந்த மலர்க்கொடிக்குச் சிரிப்பு வரவில்லை. சூப்பர்வைசரை அடித்தாள் என்று, யார்டு பெருக்கும் வேலையிலிருந்து அவளை நிறுத்தி ஒன்பது நாள். அந்தச் சூப்பர்வைசர் குணசேகரன், முழங்கையில் கட்டோடு எதிர் பெஞ்சில் இருந்தான்.

“இன்னா பாய், காதுல பூ சுத்துறியா?” என்றான் அவன்.

“முப்பத்தெட்டு வருசம் ஹார்பர்ல கிரேனுக்குக் கை காட்டுனவன் நைனா. ராயபுரம் மன்றத்துல ஊமைப் படம் போட்டா மொத நாற்காலி எனுக்குத்தான். வாயப் பாத்தா ஒண்ணும் புரியாது. கண்ணு எங்க போவுதுன்னு பாக்கணும்.”

உள்ளே அதிகாரி அருள்பிரகாசம் கேமரா பதிவை ஓடவிட்டார். சத்தமில்லை. குணசேகரன் முதுகைக் காட்டிக்கொண்டு போனில் பேசுகிறான். துடைப்பத்தை எறிந்துவிட்டு மலர்க்கொடி ஓடி வருகிறாள். இரண்டு கைகளையும் விரித்து வீசுகிறாள். அவனைத் தள்ளிவிடுகிறாள்.

வாய் கோணி, பல் தெரிய ஓடிவந்த அந்தப் பெண்ணை மலர்க்கொடி யாரோபோல் பார்த்தாள்.

“நானா சார் அது? நான் அடிக்கல... ஆனா அடிக்கிற மாரிதான் கீது.”

“திரும்பப் போடு சார்” என்றார் லியாகத் அலி. “அவ இவன எங்க பாக்குறா? மேல பாக்குறா. ரெண்டு கையும் விரிச்சு ஆட்டுனா கிரேன்காரனுக்கு ‘நிறுத்து’. இந்த இரைச்சல்ல கத்துனா எவனுக்குக் கேக்கும்? இப்போ தரையப் பாரு.”

குணசேகரன் நின்றிருந்த இடத்தில், அவன் விழுந்த மறுநொடி, கறுப்பாக ஒரு நீளச் சதுரம் வந்து ஆடி நின்றது.

குணசேகரன் கட்டைத் தடவிக்கொண்டான். அதிகாரி மூன்று முறை ஓட்டிப் பார்த்தார்.

“படத்துல கன்டெய்னரே இல்லையே, பெரியவரே.”

“கிரேன்காரனக் கூப்புட்டுக் கேளு.”

“அவர் வேற யார்டுக்குப் போயிட்டார். நிழலுக்கெல்லாம் ரிப்போர்ட் எழுத முடியாது. கிரேன் ஓடும்போது தாண்டக் கூடாத மஞ்சக் கோட்ட இந்தம்மா தாண்டினது மட்டும் தெளிவா தெரியுது.”

முன்பே அச்சடித்திருந்த வேலைநீக்க உத்தரவை அவள் பக்கம் திருப்பி வைத்தார்.

கேட்டில் அவளுடைய அடையாள அட்டையை வாங்கிக்கொண்டார்கள். குணசேகரன் பின்னாலேயே வந்தான். தூணிலிருந்த கேமராவை அண்ணாந்து பார்த்தான். அதற்கு முதுகைக் காட்டி நின்றுகொண்டான்.

“நடந்தது நெசந்தான்க்கா. நீ தள்ளலன்னா நான் இன்னிக்கு மாலையோட போட்டோவுலதான் இருந்திருப்பேன்.”