ரூடியின் வீங்கிய கை

விடுதிச் சாப்பாட்டு மேசையில் இது தினப்படி நடக்கும்: ரூடியின் தட்டிலிருக்கும் இறைச்சியை ஏமோஸ் வெட்டுவான், ரூடி தின்பான்.

ஏமோஸ் ப்ரூவிட் ஒரு பேஸ்பால் குழுவின் பிட்சர், பந்தை எறிகிறவன். ரூடி ஹாஃப் மட்டைக்காரனுக்குப் பின்னால் நின்று அதைப் பிடிக்கிறவன். கையுறையா? அந்தக் காலத்தில் எவனாவது அதைப் போட்டுக்கொண்டு வந்திருந்தால் பாவாடை கட்டி அனுப்பியிருப்பார்கள். இடுப்புக்குக் கீழிருந்து கையைச் சுழற்றி ஏமோஸ் விடும் பந்து, ரூடியின் வெறும் உள்ளங்கையில் வந்து இடிக்கும். மாலைக்குள் கை பன் மாதிரி உப்பிவிடும். கத்தி பிடிக்க முடியாது, பித்தான் போட முடியாது. அதெல்லாம் ஏமோஸ் வேலை.

"சின்னதா வெட்டுடா. நான் என்ன குதிரையா?"

"வாயைப் பார்த்தா அப்படித்தான் தெரியுது."

ஆட்டம் முடிந்ததும் கேப்டன் மக்நல்டி ரூடியின் கையைத் திருப்பிப் பார்ப்பார். வீக்கம் இருந்தால் பந்தில் வேகம் இருக்கிறது என்று அர்த்தம். "நாளைக்கும் ஏமோஸ்தான்" என்பார். எறிகிறவனின் தோளை ஒரு ஆளும் பார்த்ததில்லை. அப்படி ஒரு கூத்து. எல்லா ஆட்டத்துக்கும் ஒரே ஆள், மழை பெய்தால்தான் ஓய்வு.

ஜூலையிலேயே ஏமோஸின் தோளுக்குள் ஏதோ பிடித்துக்கொண்டது. யாரிடமும் மூச்சு விடவில்லை. ரூடி பந்தைப் பிடித்ததும் கையை உதறுவான், ஊதுவான், ஜெர்மனில் திட்டுவான். அதைப் பார்க்கப் பார்க்க ஏமோஸுக்குத் தெம்பு வரும். எதிரணி வெளுத்து வாங்கிய நாட்களில், நேரம் சரியில்லை என்று தேற்றிக்கொண்டான். கேப்டன்கூட, வீக்கம் குறைந்திருப்பதைப் பார்த்து, "உன் கை காய்ச்சுப் போச்சுய்யா" என்று ரூடியைத்தான் பாராட்டினார்.

ஏமோஸுக்கு ஒரே ஆசைதான். ஆகஸ்ட் கடைசிச் சனிக்கிழமை ஆஷ்கில்லில் ஆட்டம். அவன் பிறந்த ஊர். மனைவி ஹெட்டி அங்கேதான் இருந்தாள். தோல் பதனிடும் ஆலையின் மேஸ்திரியான மாமனார் சைலஸ், ஏப்ரலில் அவன் கிளம்பும்போது, "கல்லெறியறதெல்லாம் ஒரு உத்தியோகமா?" என்று நாலு பேர் முன்னால் கேட்டிருந்தார். அவர் கண் முன்னால் ஒரே ஒரு ஆட்டம் எறிந்துவிட வேண்டும். அதற்குப் பிறகு தோள் எக்கேடோ கெட்டுப் போகட்டும்.

அந்தச் சனிக்கிழமை காலை, ஆஷ்கில் போகும் ரயிலில் கண்ணை மூடிச் சாய்ந்திருந்தான். படீரென்று ஏதோ உடைந்தது. கண்ணைத் திறந்தான். எதிரே ரூடி, இரண்டு வால்நட்டுகளை வலது உள்ளங்கையில் வைத்து இறுக்கி உடைத்துக்கொண்டிருந்தான்.

"வலிக்கலையா?" என்றான் ஏமோஸ்.

ரூடி சட்டென்று கையை உதறினான். பழக்கதோஷம்.

"உதறாதே. எத்தனை நாளா இது?"

ரூடி ஓடுகளைப் பொறுக்கினான். "ஒரு மாசம் இருக்கும்."

"அப்போ என் பந்துல வேகமே இல்ல. ஊதி ஊதிக் காட்டினதெல்லாம் நடிப்பு. நானும் உனக்குக் கறி வெட்டிப் போட்டுக்கிட்டிருந்தேன்."

"உன் ஊர் வரைக்கும் எப்படியாவது ஓட்டிடலாம்னு பார்த்தேன்டா. இன்னிக்கு ஒரு நாள் எறிஞ்சிடு. கேப்டன்கிட்ட நான் சொல்ல மாட்டேன்."

ஏமோஸ் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான். ஆலைப் புகைபோக்கிகள் தெரிய ஆரம்பித்தன.

"ஊரே பார்க்க என் பந்தை அடிச்சுத் துவைப்பானுங்க. நீ வலிக்காத கையை உதறிக்கிட்டு நிப்பே. அந்தக் கண்ராவியை என்னால பார்க்க முடியாது."

இறங்கியதும் தானே போய்த் தோள் போன விஷயத்தைக் கேப்டனிடம் சொன்னான். கேப்டன் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தார். மைதானத்தின் வலது மூலையில் நிற்கும் ஹாய்ட் எறிவது என்றும், ஏமோஸ் அவன் இடத்தில் நிற்பது என்றும் முடிவாயிற்று.

ஆஷ்கில் மொத்தமும் வந்திருந்தது. "ஏமோஸ், அங்க என்னப்பா மாடு மேய்க்கறியா?" என்று கூட்டத்தில் ஒருவன் கேட்டான். சிரிப்பு அடங்க நேரமாயிற்று. சைலஸ் மட்டும் சிரிக்கவில்லை. ஹாய்ட்டின் பந்து ரூடியின் கையில் விழும் சத்தம் அந்த மூலை வரை கேட்டது. ஏமோஸின் குழு ஜெயித்தது.

அன்று இரவு ஏமோஸுக்கும் ரூடிக்கும் சைலஸ் வீட்டில் சாப்பாடு. ஹெட்டி மாட்டிறைச்சியைப் பரிமாறினாள். சைலஸ் மருமகனின் தொங்கும் தோளைப் பார்த்தார். "திங்கட்கிழமை ஆலைக்கு வந்துடு. இடது கையால செய்யற வேலையும் இருக்கு" என்றார். குரலில் குத்தல் இல்லை. ஏமோஸ் தலையாட்டினான்.

ரூடி இறைச்சியைத் தொடவே இல்லை. இடது கையால் உருளைக்கிழங்கையே கிளறிக்கொண்டிருந்தான். வலது கை மேசைக்கு அடியில்.

"கையை மேல வை" என்றான் ஏமோஸ்.

"பசியில்லடா."

"வைடா."

ரூடி தயங்கித் தயங்கி வைத்தான். கை பழையபடி உப்பிக் கிடந்தது. விரல்கள் மடங்கவில்லை. ஏமோஸ் அதை நன்றாகப் பார்த்தான். இன்னொருவன் வேகத்தில் வந்த வீக்கம்.

அவன் ரூடியின் தட்டைத் தன் பக்கம் இழுத்தான். கத்தியை இடது கையில் பிடித்துக்கொண்டு, கோணல்மாணலாக வெட்ட ஆரம்பித்தான்.

"சின்னதா வெட்டுடா" என்றான் ரூடி.