பத்து எண்ணும் வரை

"தாகமா இருக்காம்மா?" என்று ஒருமுறை என்னைக் கேட்டார்கள்.

கேட்டது பள்ளிக்கூட ஆயா. தலைமை ஆசிரியையின் அறையில், கையில் தண்ணீர் டம்ளரோடு என் முன்னால் நின்றார். எனக்கு அப்போது பதின்மூன்று வயது. நாக்கு வறண்டு ஒட்டிக்கொண்டிருந்தது. நான் திரும்பி அப்பாவின் முகத்தைப் பார்த்தேன்.

"இப்பதான் குடிச்சா," என்றார் அப்பா.

ஆயா டம்ளரை மேஜைமேல் வைத்துவிட்டுப் போனார். தலைமை ஆசிரியை என்னையே பார்த்தபடி, அப்பா நீட்டிய தாளில் கையெழுத்துப் போட்டார். அன்றோடு என் படிப்பு முடிந்தது. வழியெல்லாம் அந்த டம்ளரையே நினைத்துக்கொண்டு வந்தேன்.

அப்பா கெட்டவர் இல்லை. எங்கள் மேல் ஒருநாளும் கை வைத்ததில்லை. குரலைக்கூட உயர்த்தியதில்லை. அம்மா ஒருநாள் நூல்கண்டு தீர்ந்துவிட்டது என்று இறங்கினாள். எதிர்ப்பக்கக் கடைதான், சாலையைத் தாண்டினால் போதும். "இருங்க, நானே போய்ட்டு வந்துடறேன்," என்றாள். லாரி வந்தது. எனக்குப் பத்து வயது, தங்கைக்கு இரண்டு. அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் யாரும் எதையும் தானாகச் செய்ய அப்பா விட்டதில்லை.

பழத்தின் தோலை அவர்தான் உரிப்பார். குளிக்கிற தண்ணீரில் முழங்கையை விட்டுச் சூடு பார்ப்பார். எனக்குப் பதினேழு வயதாகிறது, இன்றைக்கும் எந்தச் சட்டை போடுவது என்று அவர்தான் எடுத்துக் கட்டிலில் வைக்கிறார். "உனக்கெதுக்குக் கண்ணு கஷ்டம்? அப்பா பாத்துக்கறேன்." ஞாயிற்றுக்கிழமைகளில் தங்கையின் ஷூவுக்குப் பாலிஷ் போடும்போது, நான்கு வருடமாக நான் போடாத என் பள்ளி ஷூவையும் எடுத்துத் துடைத்துப் பளபளவென்று அலமாரியில் வைப்பார்.

கீழே அப்பாவின் சலவைக்கடை, மேலே வீடு. பின்பக்கச் சந்தில் இறங்கும் இரும்புப் படிதான் வாசல். கடையில் ஸ்டீம் பிரஸ் வேலை செய்யும்போது தரை லேசாக அதிரும். உஸ்ஸென்று ஆவி விடும் சத்தம் நிமிடத்துக்கு இரண்டு தடவை கேட்கும். அது கேட்கிறவரை அப்பா கீழே இருக்கிறார். நின்றால் மேலே வருகிறார்.

அந்தச் சத்தத்துக்கு அடியில்தான் நான் தங்கைக்குப் பாடம் நடத்தினேன். அவளை வாலு என்று கூப்பிடுவோம். பெயருக்கு ஏற்றவள்தான். அவளும் என்னை மாதிரி ஒரு டம்ளர் தண்ணீருக்கு அடுத்தவர் முகத்தைப் பார்க்கக் கூடாது என்பது மட்டும்தான் என் எண்ணம். எனக்குச் சொல்லிக்கொடுக்க ஒன்றும் தெரியாது. அதனால் கேள்வி மட்டும் கேட்டேன்.

"சட்டையில பொத்தான் அறுந்துடுச்சு. ஊசி இல்ல. என்ன பண்ணுவே?"

"பொத்தான் இல்லாத சட்டையா பாத்துப் போட்டுக்குவேன்."

"அது ஒண்ணுதான் இருக்கு."

"அப்ப உன் சட்டைய எடுத்துக்குவேன். நீ வீட்லதானே இருக்கப் போறே?"

"வாய், வாய். யோசி. பத்து எண்றதுக்குள்ள."

நான் விரல்களை ஒவ்வொன்றாக மடக்குவேன். அவள் உதட்டைக் கடித்துக்கொண்டு கூரையைப் பார்ப்பாள். எட்டாவது விரலில் எப்படியும் ஒரு வழி வந்துவிடும். சில சமயம் சந்தேகமாக என்னை முறைப்பாள்.

"அக்கா, உனக்கு விடை தெரியுமா, தெரியாதா?"

"தெரியாது."

"அட, நீயெல்லாம் ஒரு டீச்சரு!"

குழாய் விஷயத்தோடு எல்லாம் மாறியது. சமையலறைக் குழாய் மாதக்கணக்கில் சொட்டிக்கொண்டிருந்தது. ஒரு மத்தியானம் வாலு, நான் கேட்காமலேயே, சிங்க்குக்கு அடியில் இருந்த தண்ணீர் வால்வை மூடினாள். அப்பாவின் குறடால் குழாயின் தலையைக் கழற்றினாள். உள்ளே வாஷர் நைந்து கிடந்தது. பிய்ந்த ரப்பர் செருப்பிலிருந்து அதே அளவுக்கு ஒரு வட்டம் வெட்டி உள்ளே வைத்து முறுக்கினாள். சொட்டு நின்றது. இரண்டு பேரும் சிங்க்கின் மேல் தலையைக் கவிழ்த்து அந்த அமைதியைக் கேட்டுக்கொண்டே நின்றோம்.

சாயங்காலம் அப்பா கை கழுவ வந்தார். கழுவினார், மூடினார், அப்படியே நின்றார்.

"யாரு சரி பண்ணினது?"

குரல் எப்போதும்போல மென்மையாகத்தான் இருந்தது. அவர் குறடை எடுத்துக் குழாயைக் கழற்றினார். ரப்பர் வட்டத்தை வெளியே எடுத்து, துடைத்து, சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். பழைய வாஷரை மறுபடி வைத்தார்.

"அப்பா பாத்துக்கறேன்," என்றார்.

டப். டப். டப். அதற்குப் பிறகு அதை அவர் சரிசெய்யவே இல்லை. குறடு மட்டும் கடைக்குப் போய்விட்டது.

போன வெள்ளிக்கிழமை வாலுவைக் கூட்டிவர அப்பா பத்து நிமிடம் தாமதமாகப் போனார். ஏதோ அவசரச் சலவை. பள்ளி வாசலில் அவள் இல்லை. அவர் ஓடி வந்து சந்தில் நுழைந்தபோது, அவள் படியில் உட்கார்ந்து ஷூ நாடாவைக் கட்டிக்கொண்டிருந்தாள்.

"நானே வந்துட்டேம்ப்பா! சிக்னல்ல நின்னு, எல்லா வண்டியும் நின்னப்புறம்தான் தாண்டினேன்!"

நான் மேலே இருந்து அப்பாவின் முகத்தைப் பார்த்தேன். அம்மாவைத் தூக்கி வந்த நாளன்று இருந்த அதே முகம். அவர் அவள் முன்னால் மண்டி போட்டார். அவள் கட்டியிருந்த முடிச்சை அவிழ்த்தார். தன் கையால் மறுபடி கட்டினார்.

"திங்கக்கிழமைலேர்ந்து பள்ளிக்கூடம் வேணாம் கண்ணு. நாளைக்கே உங்க ஹெச்செம்மைப் பாத்துப் பேசிடறேன். அக்கா வீட்ல எவ்வளவு சமத்தா இருக்கா, பாரு."

வாலு என்னைப் பார்த்தாள். ஏதாவது சொல் என்கிற பார்வை. நான் அப்பாவைப் பார்த்தேன்.

சனிக்கிழமை அப்பா தாளோடு திரும்பி வந்தார். ஞாயிற்றுக்கிழமை கதவின் வெளிப்பக்கத்தில் ஒரு தாழ்ப்பாள் பொருத்தினார். துளை போட்ட மரத்தூளைக்கூட எங்களைக் கூட்ட விடாமல் தானே கூட்டி அள்ளினார். "காத்துக்குக் கதவு அடிச்சுக்குது," என்றார். காற்றே இல்லை.

இன்று திங்கள். அப்பா எங்களுக்குத் தலை வாரிவிட்டார். வெளியே தாழ்ப்பாள் விழும் சத்தம் கேட்டது. படியில் காலடி. பிறகு கீழே உஸ்ஸென்று முதல் ஆவி.

வாலு எழுந்து போனாள். திரும்பி வந்தபோது சீருடையில் இருந்தாள். பை முதுகில் தொங்கியது. ஒரு கையில் நீளமான கரண்டி, இன்னொரு கையில் அலமாரியிலிருந்து எடுத்த என் ஷூ.

"என்னடி பண்றே?"

"வெளியே தாழ்ப்பாள் போட்டிருக்கு. குறடு இல்ல," என்றாள், என்னுடைய பரீட்சைக் குரலில். "கீல் எந்தப் பக்கம் இருக்குன்னு நீயே பாரு."

கீல்கள் உள்பக்கம்தான் இருந்தன. இத்தனை வருடம் அந்தக் கதவின் முன்னால் உட்கார்ந்திருந்தும் என் கண்ணில் பட்டதில்லை. அவள் நாற்காலியில் ஏறி, கரண்டிக் காம்பை மேல் கீல் ஆணிக்கு அடியில் வைத்தாள். உஸ்ஸென்ற சத்தம் வரக் காத்திருந்தாள். வந்ததும் ஷூவின் குதிகாலால் ஒரே அடி. மறுபடி காத்திருந்தாள். உஸ். அடி. மேல் ஆணி கழன்று அவள் உள்ளங்கையில் விழுந்தது. நாற்காலியைத் தள்ளிவிட்டுக் குனிந்தாள். கீழ் ஆணி துருப்பிடித்திருந்தது. நாலாவது அடி தவறியது. ஷூ தரையில் உருண்டது.

பிரஸ் நின்றது.

"கண்ணு?" கீழே இருந்து அப்பா. "என்ன சத்தம்?"

வாலு அசையவில்லை. கடையின் பின்கதவு திறக்கும் கிறீச் கேட்டது. தலைமை ஆசிரியையின் அறையில் வறண்டது போலவே என் நாக்கு வறண்டது. திரும்பிப் பார்க்க இந்தத் தடவை எந்த முகமும் இல்லை.

"ஒண்ணுமில்லப்பா!" என்றேன். என் குரல்தானா என்று எனக்கே தெரியவில்லை. "பாத்திரம் கீழ விழுந்துடுச்சு. எடுத்து வெச்சுட்டேன்."

சொல்லி முடித்த பிறகுதான் புரிந்தது. 'எடுத்து வெச்சுட்டேன்' என்று நான் சொல்லியிருக்கக் கூடாது; எங்கள் வீட்டில் விழுந்ததை எடுப்பதும் அப்பாதான். கீழே வெகுநேரம் ஒன்றும் கேட்கவில்லை. குழாய் மட்டும் டப், டப் என்றது.

பிறகு உஸ்.

கடைசி ஆணி வந்தது. இரண்டு பேரும் பிடித்துக் கதவைக் கீல் பக்கமாக உள்ளே இழுத்தோம். ஒருக்களித்தால் ஒரு ஆள் நுழையும் அளவுக்கு இடைவெளி. நான்கூட நுழையலாம். அதன் வழியே வெயிலும், பெரிய சாலையில் லாரிகள் போகும் இரைச்சலும் உள்ளே வந்தன.

வாலு தன் ஷூக்களைக் கழற்றிப் பைக்குள் வைத்துக்கொண்டாள். என்னுடைய ஜோடியை என் காலடியில் நகர்த்தி வைத்தாள். பிறகு இரண்டு கைகளையும் என் முகத்துக்கு நேரே தூக்கி, வலது கட்டைவிரலை மடக்கினாள்.

ஒன்று.

ஷூ எனக்குச் சின்னதாகிவிட்டது என்று சொல்ல நினைத்தேன். அப்பா தனியாகிவிடுவார் என்று சொல்ல நினைத்தேன். லாரியைப் பற்றிச் சொல்ல நினைத்தேன். இந்தக் கேள்வியை மட்டும் நான் அவளிடம் ஒருநாளும் கேட்டதில்லை: அக்கா வராவிட்டால் என்ன செய்வாய்? அதற்கும் அவள் ஏற்கனவே விடை வைத்திருக்கிறாள் என்பது, எட்டாவது விரல் மடங்கும்போது அவள் கண்களில் தெரிந்தது.

பத்தாவது விரலை மடக்கினாள். கொஞ்சநேரம் அப்படியே நின்றாள். நான் தரையைப் பார்த்தேன்.

தலையை நிமிர்த்தியபோது இடைவெளியில் வெயில் மட்டும் இருந்தது. இரும்புப் படிகளில் அவளுடைய வெறுங்கால்கள் இறங்கிக்கொண்டிருந்தன. இருபத்திரண்டு படிகள். நான் எண்ணினேன். பதினான்காவது படியில் பிரஸ் நின்றது. அவள் நிற்கவில்லை, என்னைக் கூப்பிடவும் இல்லை.