தொக்குப் பாட்டிலில் சரசாவின் முகம்

குமணன்சாவடியில் சரசாவைத் தெரியாதவர்கள் இருக்கலாம். சரசாவின் முகத்தைத் தெரியாதவர்கள் கிடையாது. பெரிய பொட்டும் மூக்குத்தியுமாக, ஊருக்கே சோறு போட்டவள் மாதிரி ஒரு சிரிப்போடு, 'சரசா பூண்டுத் தொக்கு' பாட்டில் ஒவ்வொன்றிலும் அந்த முகம் ஒட்டியிருந்தது. மளிகைக் கடை அலமாரியில் தன் முகமே வரிசையாக நின்று தன்னைப் பார்க்கும்போது அவளுக்கு மனசு குளிரும். கூடவே பயமாகவும் இருக்கும். அந்தத் தொக்கை அவள் ஒருநாளும் செய்ததில்லை.

செய்தவர் அவள் புருஷன் ஜெயராமன்.

கல்யாணமாகி வந்த முதல் ஆடியில், தாய்வீட்டுக்கு அனுப்பாமல் நிறுத்திக்கொண்டபோது ஆரம்பித்த வினை இது. அம்மன் கோயிலில் கூழ் வார்க்கும்போது தெருவின் ஒவ்வொரு வீட்டிலிருந்தும் தொட்டுக்கொள்ள ஏதாவது போக வேண்டும். புது மருமகள் வந்த வீடு என்றால் அவள் கையால் செய்தது போக வேண்டும். சரசா பூண்டை வதக்கப் போய்க் கரியாக்கிவிட்டு அடுப்படியில் உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தாள். ஜெயராமன் எட்டிப் பார்த்தார், கதவைச் சாத்தினார், கரண்டியைக் கையில் எடுத்தார். அவருக்கு வாசனையை வைத்தே பக்குவம் தெரியும். எங்கே கற்றார் என்று கேட்டால் சிரிப்பார். ஆம்பளை அடுப்பில் நின்றான் என்று தெரிந்தால் தெருவே கைகொட்டிச் சிரிக்கும், வெளியே மூச்சு விடாதே என்று அவளிடம் சத்தியம் வாங்கிக்கொண்டார். சரசாவும் மூச்சு விடவில்லை. அன்று கோயிலில் அவள் சட்டியைத்தான் வழித்து நக்கினார்கள். அவளைக் குறை சொல்லக் காத்திருந்த ஓரகத்தி முத்தம்மாளே இரண்டாம் முறை கையை நீட்டினாள். அந்தப் புகழ் சரசாவுக்கு ரொம்பப் பிடித்துப்போனது. அடுத்த ஆடியிலும் கதவு சாத்தப்பட்டது.

இது இப்படியே ஓடியிருக்கும். மகனைக் கட்டிக்கொண்டு வந்த மருமகள் கிருஷ்ணப்பிரியா தூத்துக்குடிப் பெண், கம்ப்யூட்டர் கம்பெனி வேலை, சும்மா இருக்கத் தெரியாதவள். ஆபீசுக்கு ஒரு டப்பா கொண்டுபோனாள். காட்டுப்பாக்கம் அடுக்குமாடிகளில் இருக்கிற அவள் சிநேகிதிகள் எல்லாம் கேட்கவே, பாட்டிலில் அடைத்து விற்கலாம் என்று கிளம்பிவிட்டாள். லேபிளுக்கு வரலாறு வேண்டும் என்று மாமியாரைக் கேட்டாள். சரசா அவிழ்த்துவிட்டாள். தன் தாய்வழியில் யாரோ ஒருத்தி வெள்ளைக்காரக் கலெக்டருக்குக் கூழ் ஊற்றினாளாம். அவர் தொக்கை நக்கிவிட்டுக் குதிரையை விட்டு இறங்கவே மறுத்தாராம். குதிரைமேல் உட்கார்ந்தா கூழ் குடித்தார் என்று யாரும் கேட்கவில்லை. அது அப்படியே லேபிளில் ஏறியது.

வீட்டுக்குப் பின்னால் ஒரு ஷெட் போட்டார்கள். பூண்டு உரிக்கவும் பாட்டில் நிரப்பவும் ஆட்கள் வந்தார்கள். ஆனால் தாளித்து மசாலா சேர்க்கும்போது வேறு யார் கண்ணும் படக்கூடாது, திருஷ்டி என்று சரசா சட்டம் போட்டாள். கரண்டி கனம், கிண்டிக்கொடுக்க அவர் மட்டும் இருக்கட்டும் என்பாள். கதவுக்கு உள்ளே ஜெயராமன் வியர்க்க விறுவிறுக்கக் கிண்டுவார். சரசா முக்காலியில் உட்கார்ந்து போனில் சீரியல் பார்ப்பாள்.

இந்த ஆடியில்தான் மாட்டிக்கொண்டாள். கோயிலிலேயே, எல்லார் முன்னாலும், அத்தை தொக்கு கிண்டுவதைப் படம் எடுத்து நெட்டில் போடப்போகிறோம் என்று கிருஷ்ணப்பிரியா அறிவித்துவிட்டாள். படம் எடுக்க செல்வகுமார் என்று ஆபீஸ் நண்பனையும் பிடித்துவிட்டாள். சரசாவுக்குச் சோறு இறங்கவில்லை. இத்தனை வருஷத்துப் பேரும் ஒரே சட்டியில் கவிழ்ந்துவிடும் என்று பயந்தாள்.

"நான் எதிர்லயே நின்னுகினு இருப்பேன்," என்றார் ஜெயராமன். "நான் இருமுனா மொளகாத்தூள் போடு. கனைச்சா வெல்லம். துண்ட உதறுனா எறக்கிடு. அவ்ளோதான்."

கேட்க நன்றாகத்தான் இருந்தது. மிளகாய்த்தூள் எண்ணெயில் விழுந்தால் ஊரே இருமும் என்பது, இத்தனை வருஷம் கதவைச் சாத்திக்கொண்டே கிண்டிய அவருக்கும் தோன்றவில்லை, சீரியல் பார்த்த அவளுக்கும் தோன்றவில்லை.

ஞாயிற்றுக்கிழமை கோயில் வாசலில் இரண்டு அடுப்பு, இரண்டு சட்டி. கூழ்ச் சொம்போடு வரிசை தெருமுனை வரை நின்றது. சரசா பட்டுப்புடவையில், பாட்டிலில் இருப்பது போலவே சிரித்துக்கொண்டு முதல் சட்டியில் நல்லெண்ணெயை ஊற்றினாள். பூண்டு சிவந்தது. புளியை ஊற்றும் முன்பே எண்ணெய்ப் புகையில் ஜெயராமன் இருமிவிட்டார். சரசா ஒரு கரண்டி தூளைப் போட்டாள். எண்ணெய் அதிகமாகவே காய்ந்திருந்தது. நெடி குப்பென்று கிளம்பியது. செல்வகுமார் இருமினான். சரசாவுக்குக் கண் எரிந்து கொட்டியதில் யார் எங்கே நிற்கிறார்கள் என்றே தெரியவில்லை. இன்னொரு கரண்டி போட்டாள். பூசாரி இருமினார். இன்னொன்று. முத்தம்மாள் இருமினாள், வரிசையே இருமியது, சரசாவின் கை ஓயவே இல்லை. இவ்வளவு தூள் எதற்கு என்று ஒரு கணம் தோன்றியது. பக்குவம் தெரிந்தவர் சொல்கிறார், நமக்கென்ன என்று போட்டுக்கொண்டே இருந்தாள். வேண்டாம் என்று கத்த வாயைத் திறந்த ஜெயராமனுக்குத் தொண்டை கமறி, கனைப்புத்தான் வந்தது. வெல்லம் கட்டியாகவே உள்ளே போனது. கடைசியில் அவர் நெடி தாங்காமல் துண்டை வீசினார். சரசா திருப்தியாகச் சட்டியை இறக்கி வைத்தாள்.

ஜெயராமனால் அதற்குமேல் பொறுக்க முடியவில்லை. இரண்டாவது சட்டியில் எண்ணெய் புகைந்துகொண்டிருந்தது. நல்ல பூண்டு இன்னொரு கூடை வீணாவதைப் பார்த்துக்கொண்டு நிற்க அவரால் ஆகாது. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வந்து கரண்டியை அவள் கையிலிருந்து வாங்கினார். தீயைத் தணித்தார், பூண்டைப் போட்டார், புளிக்கரைசலை ஊற்றி அது சுண்டிய பிறகு தூளைத் தூவினார். ஒருவரும் இருமவில்லை. வாசனை தெருமுனை வரை போனது. எல்லார் கண்ணும் அவர் கைமேல் இருந்தது. அவர் முகம் மலர்ந்திருந்ததைச் சரசா பார்த்தாள். கதவு சாத்திய அடுப்படியில் அந்த முகத்தை அவள் ஒருதரமும் பார்த்ததில்லை.

அத்தையிடமிருந்து மாமாவும் கற்றுக்கொண்டாரா என்று கிருஷ்ணப்பிரியா ஆச்சரியமாகக் கேட்டாள். கேமரா ஓடிக்கொண்டிருந்தது.

"நான் ஒன்னும் கத்துக் குடுக்கல," என்றாள் சரசா. "எல்லாம் அவருதான். எனக்கு சுடுதண்ணி கூட ஒயுங்கா வெக்கத் தெரியாது."

வரிசை சிரித்தது. எவ்வளவு அடக்கம் பார் என்றார்கள். புருஷனுக்கு விட்டுக்கொடுக்கிற மனசு யாருக்கு வரும் என்று முத்தம்மாளே கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அது நெடியில் வந்த கண்ணீராகவும் இருக்கலாம். ஜெயராமனின் கரண்டி நின்றுவிட்டது. முகத்தில் இருந்த மலர்ச்சி போய்விட்டது. சட்டியையே பார்த்துக்கொண்டு நின்றார்.

சரசாவுக்கு வெட்கமாக இருந்தது. இவர் மானத்துக்குப் பயந்து ஒளித்தார் சரி, நான் எதற்கு ஒளித்தேன் என்று கேட்டுக்கொண்டாள். பதில் எல்லா மளிகைக் கடையிலும் வரிசையாக நின்று சிரித்துக்கொண்டிருந்தது. அந்தச் சிரிப்பு இன்றோடு போகும் என்று தெரிந்தே, தான் செய்த சட்டியிலிருந்து ஒரு கரண்டி அள்ளி முத்தம்மாளின் சொம்பில் போட்டாள்.

"துன்னு பாருக்கா."

முத்தம்மாள் ஆசையாக வாயில் வைத்தாள். விழுங்க வழியில்லாமல், கோயில் வாசலில் துப்பவும் முடியாமல், அம்மனைப் பார்த்துக்கொண்டு நின்றாள். சரசா அடுத்த சொம்புக்குப் போனாள். தர்மகர்த்தா கலியமூர்த்தி ஒரு வாய் தின்றுவிட்டுத் தண்ணீர்க் குடத்தைத் தேடி ஓடினார். கேமராவைக் கீழே வைக்கச் சொல்லி செல்வகுமாருக்கும் ஒரு கரண்டி கொடுத்தாள்.

"இன்னாடி இது, மாடு கூட துன்னாது," என்றாள் முத்தம்மாள், ஒருவழியாக விழுங்கிவிட்டு.

"இதான்க்கா என் கைப்பக்குவம்."

இந்தத் தடவை யாரும் அடக்கம் என்று சொல்லவில்லை. ஒவ்வொருவராக நகர்ந்து ஜெயராமனின் சட்டிக்கு முன்னால் வரிசை கட்டினார்கள். முத்தம்மாள்தான் முதல் ஆள். நாக்கு எரியுது தம்பி, சீக்கிரம் போடு என்று அவசரப்படுத்தினாள். நன்றாக இருக்கிறது என்று ஒவ்வொருவரும் அவர் முகத்தைப் பார்த்துச் சொன்னார்கள். ஒவ்வொரு தடவையும் அவர் புதிதாகக் கேட்பது போலத் தலையாட்டினார்.

சரசா தானும் ஒரு சொம்பு கூழை வாங்கிக்கொண்டு கடைசி ஆளாகப் போய் நின்றாள். அவள் முறை வந்தபோது ஜெயராமன் அடிச்சட்டியை வழித்துப் போட்டுவிட்டு, எல்லார் எதிரிலும், எப்படி இருக்கிறது என்று கேட்டார்.

சரசா தொட்டு நக்கினாள். தெருமுனைக்குக் கேட்கிற மாதிரிச் சொன்னாள்.

"ஷோக்கா கீதுயா." கொஞ்சம் யோசித்தாள். "உப்புதான் ஒரு கல்லு கம்மி."